இரண்டு மலையும் ஒரு சூரியனும்

முதல் நாள், சனிக்கிழமை, லண்டன்

முப்பத்தொரு வருடம் பள்ளிக்கூடத்தில் ஓவிய ஆசிரியராக இருந்தவன் நான். 'இயற்கைக் காட்சி வரைக' என்று கரும்பலகையில் எழுதிவிட்டு உட்கார்ந்தால், நாற்பது பிள்ளைகளும் ஒரே படத்தைத்தான் வரைவார்கள். இரண்டு முக்கோண மலை, நடுவில் பாதிச் சூரியன், மலையிடுக்கிலிருந்து இறங்கும் ஆறு, ஓரத்தில் குடிசை, பக்கத்தில் தென்னை, மேலே நாலு பறவை. எங்கள் ஊர் தஞ்சாவூர்ப் பக்கம். கண்ணுக்கு எட்டிய தூரம் வயல். மலை என்பதைப் பிள்ளைகள் பழனிக்குப் போனால்தான் பார்ப்பார்கள். இருந்தும் ஒருத்தர்கூட ஜன்னலுக்கு வெளியே எட்டிப் பார்த்து வரைந்ததில்லை. திட்டியும் பார்த்தேன், கெஞ்சியும் பார்த்தேன். ஓய்வு பெறுகிற நாள்வரை அந்த இரண்டு மலையை என்னால் அசைக்க முடியவில்லை.

லண்டனில் வேலை பார்க்கும் அண்ணன் மகன் இந்த ஜூனில் வரச்சொல்லி டிக்கெட் போட்டு அனுப்பினான். "என்ன சித்தப்பா பாக்கணும்? ராணி வீடா, பெரிய ராட்டினமா?" என்றான். வயலும் மரமும் மேகமும் பார்க்க வேண்டும் என்றேன். போனில் கொஞ்ச நேரம் பேச்சே இல்லை.

நேஷனல் கேலரிக்கு நுழைவுக் கட்டணம் கிடையாது. ஆங்கர்ஸ்டைன் என்ற வணிகர் சேர்த்து வைத்திருந்த 38 படங்களை 1824இல் அரசாங்கம் விலைக்கு வாங்கி ஆரம்பித்த இடம். நான் முதலில் தேடிப் போனது ஒரு சின்னப் படத்தை. முழ அகலம்கூட இருக்காது. ஆல்ப்ரெக்ட் ஆல்ட்டோர்ஃபர் என்ற ஜெர்மன்காரர் 1518-20 வாக்கில் வரைந்தது. ஒரு நடைபாலம், ஒரு கட்டடம், மரங்கள், தூரத்தில் நீலமாக மலை. அவ்வளவுதான். ஆள் இல்லை, சாமி இல்லை, கதை இல்லை.

"இதுல என்ன சித்தப்பா இருக்கு?" என்று அண்ணன் மகன் கேட்டான். அந்தக் காலத்து ஆட்களும் அதையேதான் கேட்டிருப்பார்கள். அப்போது ஐரோப்பாவில் மலையும் மரமும் படத்துக்குள் வருவதென்றால் ஏதாவது ஒரு புனிதரின் முதுகுக்குப் பின்னால்தான் வர வேண்டும். அதே கேலரியில் பட்டினிர் என்பவரின் படம் ஒன்று இருக்கிறது. பேர் என்னவோ புனித ஜெரோம். ஆனால் அவர் ஒரு மூலையில் குடிசைக்குள் உட்கார்ந்து சிங்கத்தின் காலில் முள் எடுத்துக்கொண்டிருக்க, படம் முழுக்கப் பாறையும் ஆகாயமும் பரந்து கிடக்கின்றன. ஜெரோம் இங்கே அனுமதிச் சீட்டு மாதிரி. அவரைக் காட்டித்தான் பாறைகள் உள்ளே வந்திருக்கின்றன. 1521இல் ட்யூரர் என்ற பெரிய ஜெர்மன் ஓவியர் தன் பயணக் குறிப்பில் இந்தப் பட்டினிரை 'நல்ல நிலக்காட்சி ஓவியர்' என்று எழுதி வைத்தார். அப்படியொரு தொழில் இருக்கிறது என்று ஒருவர் பேர் வைத்துச் சொன்னதே அப்போது புதுசு.

பேர் வந்ததே தவிர மரியாதை வரவில்லை. 1667இல் ஃபெலிபியன் என்ற பிரெஞ்சு அறிஞர் ஓவியங்களுக்கு ஒரு படிவரிசை போட்டார். பழமும் பூவும் கடைசி. அதற்கு ஒரு படி மேலே நிலக்காட்சி. அப்புறம் உயிருள்ள விலங்கு, அப்புறம் மனித முகம், உச்சியில் புராணமும் வரலாறும். ஆக, மரத்தை வரைகிறவனைவிட மாட்டை வரைகிறவன் உசத்தி.

ஓவியர் க்ளாட் லொரைன் பிறந்தது லொரைன் பகுதியில். வாழ்ந்ததும் பேர் வாங்கியதும் ரோமில். பைபிள் கதையை வைத்து அவர் வரைந்த 'ஷீபா ராணி கப்பலேறுதல்' (1648) முன்னால் நின்றபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இரண்டு பக்கமும் கட்டடம், நடுவில் கடல், கடலுக்கு மேலே சூரியன். ராணியைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். என் வகுப்பு மலைகளுக்குப் பதிலாக இவர் தூண்களை நிறுத்தியிருக்கிறார், வேறொன்றுமில்லை! சிரிப்பு அடங்கிய பிறகு பார்த்தால், அந்தச் சூரியன் கண்ணைக் கூச வைக்கிறது. வெறும் எண்ணெய்ச் சாயம். அலை ஒவ்வொன்றின் முதுகிலும் வெளிச்சம் வழுக்கிக்கொண்டு நம் காலடிவரை வருகிறது. இரண்டு ஓரத்தையும் இருட்டாக்கி நடுவைத் திறந்து விடும் இந்தச் சூத்திரத்தை அடுத்த இருநூறு வருடம் ஐரோப்பா முழுக்கக் காப்பியடித்தார்கள். அவர் உயிரோடு இருக்கும்போதே போலிகள் கிளம்பியதால், தன் ஒவ்வொரு படத்துக்கும் ஒரு நகல் கோட்டோவியத்தை நோட்டில் வரைந்து வைத்துக்கொண்டார். அந்த நோட்டு இப்போது பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது.

பதினெட்டாம் நூற்றாண்டில் இங்கிலாந்துக் கனவான்கள் க்ளாட் பேரில் முகம் பார்க்கிற மாதிரி ஒரு கறுப்புக் கண்ணாடியைக் கையில் வைத்துக்கொண்டு ஊர் சுற்றியிருக்கிறார்கள். நல்ல காட்சி வந்தால் அதற்கு முதுகைக் காட்டி நின்று, கண்ணாடியில் தெரிவதைப் பார்ப்பார்களாம். அதில் எல்லாம் க்ளாட் படம் மாதிரி மங்கலாகத் தெரியுமாம். ட்ரஃபால்கர் சதுக்கத்துக்கு முதுகைக் காட்டி செல்ஃபி எடுத்துவிட்டு வந்த அண்ணன் மகனிடம் இதைச் சொன்னேன். அவன் ரசிக்கவில்லை.

ஆங்கில ஓவியர் டர்னருக்கு க்ளாட் மேல் பக்தியும் உண்டு, போட்டியும் உண்டு. தன் இரண்டு படங்களை க்ளாட் படங்களோடு சேர்த்து மாட்ட வேண்டும் என்று உயிலே எழுதி வைத்தார். கேலரியும் அப்படியே செய்திருக்கிறது. செத்த பிறகும் பந்தயம் ஓடுகிறது. என் ஓட்டு க்ளாடுக்கு.

டச்சுக்காரர்கள் இந்தச் சூத்திரத்தில் பாதியைத் தூக்கிப் போட்டார்கள். அவர்கள் ஊரும் எங்கள் ஊர் மாதிரி மட்டம். மலைக்கு எங்கே போவார்கள்? ஆங்கிலத்தில் நிலக்காட்சிக்குச் சொல்லும் வார்த்தையே டச்சிலிருந்து போனதுதான். ஹாபெமா 1689இல் வரைந்த 'மிடில்ஹார்னிஸ் சாலை'யில், நட்ட நடுவே வண்டித்தடம் பதிந்த மண் சாலை, இரண்டு பக்கமும் ஒல்லியான உயர்ந்த மரங்கள், நாயோடு நடந்து வரும் ஒரு ஆள். முக்கால்வாசி வானம். இந்த ஹாபெமா வருடக்கணக்கில் பார்த்த உத்தியோகம் வேறு: ஆம்ஸ்டர்டாமில் இறங்கும் ஒயின் பீப்பாய்களை அளப்பது. அளவுக்காரர் வரைந்த சாலை என்பது பார்த்தாலே தெரிகிறது.

கடைசியாக ஆங்கில ஓவியர் ஜான் கான்ஸ்டபிளின் 'வைக்கோல் வண்டி'. எங்கள் வீட்டில் பல வருடம் ஒரு பழைய காலண்டர் படமாகத் தொங்கியது. அது ஒன்றேகால் சாண். இது ஆறடி. கிட்டப் போனால் இலையெல்லாம் இலையாகவே இல்லை, வெள்ளைப் புள்ளியும் திட்டும்தான். அதிகம் பேசாமல் பத்து நிமிஷம் நின்றோம். நாளைக்கு அந்த இடத்துக்கே போகிறோம்.

இரண்டாம் நாள், ஞாயிறு, ஃப்ளாட்ஃபோர்ட்

லிவர்பூல் ஸ்ட்ரீட்டிலிருந்து மானிங்ட்ரீக்கு ஒரு மணி நேர ரயில். அங்கிருந்து ஸ்டூர் ஆற்றங்கரையோடு நடந்தே போகலாம். ஒரு கரை சஃபோக், மறு கரை எசெக்ஸ். நேற்று ராத்திரி மழை. என் செருப்பு சேற்றில் மாட்டி இரண்டு தடவை என்னைவிட்டுப் பின்தங்கியது. மாடுகள் பாதையை மறித்துக்கொண்டு நின்றன. எனக்கு ஊர் வரப்பில் போவது போல இருந்தது. அண்ணன் மகன்தான் மாட்டைப் பார்த்துச் சுற்றிக்கொண்டு போனான்.

ஜான் கான்ஸ்டபிள் 1776இல் பக்கத்துக் கிராமமான ஈஸ்ட் பெர்கோல்ட்டில் பிறந்தார். ஃப்ளாட்ஃபோர்ட் ஆலை அவர் அப்பாவுடையது. தானியம் அரைத்து, படகில் ஏற்றி, லண்டனுக்கு அனுப்பும் வசதியான குடும்பம். பையன் ஆலையைப் பார்த்துக்கொள்வான் என்று அப்பா நினைத்தார். அவன் வேறு விதமாகப் பார்த்துக்கொண்டிருந்தான். பிற்பாடு நண்பருக்கு எழுதிய ஒரு கடிதத்தில், ஆலை மடையிலிருந்து தண்ணீர் வழிகிற சத்தம், வில்லோ மரம், உளுத்துப்போன பலகை, பாசி படிந்த கம்பம், செங்கல் சுவர் என்று தனக்குப் பிடித்ததையெல்லாம் அடுக்குகிறார். என்னை ஓவியனாக்கியது இவைதான் என்கிறார். ஷீபா ராணி எங்கே, பாசிக் கம்பம் எங்கே!

ஆலை இன்னும் நிற்கிறது. மாணவர்கள் தங்கி இயற்கையைப் படிக்கும் இடமாக இருப்பதால் நாங்கள் உள்ளே போகவில்லை. அதன் பக்கத்தில் நின்று குளத்துக்கு எதிரே பார்த்தால், இடது கையில் வில்லி லாட் வீடு. படத்தில் இருக்கும் அதே வெள்ளைச் சுவர், அதே ஓட்டுக்கூரை. இந்த வில்லி லாட் ஒரு குடியானவர். எண்பது வருடத்துக்கு மேல் வாழ்ந்தும், அந்த வீட்டை விட்டு வெளியே தங்கியது மொத்தம் நாலே நாள் என்று சொல்வார்கள்.

வண்டி ஏன் தண்ணீருக்குள் நிற்கிறது என்று அண்ணன் மகன் கேட்டான். சக்கரத்தின் மரம் காய்ந்து சுருங்கினால் இரும்புப் பட்டை கழன்றுவிடும், அதற்காக நனைக்கிறார்கள் என்று ஒரு விளக்கம் உண்டு. எங்கள் ஊரில் கோடையில் மாட்டுவண்டியைக் குளத்தில் இறக்கி நிறுத்துவதும் அதற்குத்தான். சும்மா ஆற்றைக் கடந்து அக்கரை வயலுக்குப் போகிறது என்றும் சொல்கிறார்கள். வலது பக்கம் தூரத்தில் புல் அறுக்கிற ஆட்கள் புள்ளி புள்ளியாகத் தெரிவதால் அதுவும் சரியாகத்தான் படுகிறது.

இப்போது எனக்கு உறுத்துகிற விஷயத்துக்கு வருகிறேன். இந்தப் படத்தை அவர் இங்கே உட்கார்ந்து வரையவில்லை. லண்டனில், கெப்பல் தெருவில், வீட்டுக்குள் வரைந்தார். பழைய ஓவியக் குறிப்புகள் கையில் இருந்தன. வண்டி மட்டும் சரியாக ஞாபகம் வரவில்லை. ஊரிலிருந்து ஒரு வைக்கோல் வண்டியை வரைந்து அனுப்பச் சொன்னார். ஊர்க்கார இளைஞர் ஒருவர் குளிரில் நின்று வரைந்து அனுப்பினார். அதைப் பார்த்து 1821இல் படத்தை முடித்து 'நிலக்காட்சி: நண்பகல்' என்ற பேரில் காட்சிக்கு வைத்தார். யாரும் வாங்கவில்லை.

ஜன்னலுக்கு வெளியே பார் பார் என்று நான் பிள்ளைகளிடம் கத்தியதெல்லாம் நினைவுக்கு வந்தது. கான்ஸ்டபிள் ஜன்னலுக்கு வெளியே பார்த்திருந்தால் அவருக்குத் தெரிந்திருப்பது லண்டன் தெருதான்.

இன்னொன்றும் இருக்கிறது. படத்தில் ஊர் அமைதியாக இருக்கிறது. நிஜத்தில் நெப்போலியன் போருக்குப் பிந்தைய பஞ்ச காலம். கூலி இல்லாத குடியானவர்கள் வைக்கோல் போரையும் களஞ்சியத்தையும் கொளுத்திக்கொண்டிருந்தார்கள். இரவில் நெருப்பு தெரியாத நாளே இல்லை என்று 1822இல் அவருடைய தம்பி ஊரிலிருந்து செய்தி அனுப்பினார். அந்த நெருப்பு எந்தப் படத்திலும் இல்லை. ஆலை முதலாளி மகனிடம் அதை எதிர்பார்ப்பது நியாயமா என்று தெரியவில்லை. ஆனால் அந்தப் புள்ளி ஆட்களைப் பார்க்கும்போது இனி இது ஞாபகம் வரும்.

பாலத்தடிக் குடிலில் டீயும் பன்னும் சாப்பிட்டோம். பன்னுக்கு ஜாமை முதலில் தடவுவதா க்ரீமை முதலில் தடவுவதா என்று பக்கத்து மேஜையில் நிஜமாகவே வாக்குவாதம் நடந்தது.

மூன்றாம் நாள், திங்கள், லண்டன்

இன்று மேகம் மட்டும். விக்டோரியா ஆல்பர்ட் மியூசியத்துக்கு கான்ஸ்டபிளின் மகள் இசபெல் 1888இல் அப்பாவின் ஓவியங்களை அள்ளிக் கொடுத்தார். 'வைக்கோல் வண்டி'க்கு முன்னோட்டமாக அதே ஆறடி அளவில் கான்ஸ்டபிள் தீட்டிய கச்சாப் படமும் இங்கேதான் இருக்கிறது. கத்தியால் அப்பியதுபோல முரட்டுச் சாயம். எனக்கு அசலைவிட இதுதான் பிடித்தது.

1821, 22 கோடைகளில் ஹாம்ப்ஸ்டெட் மேட்டில் நின்று வானத்தை மட்டும் டஜன் கணக்கில் வரைந்தார். தாளின் பின்பக்கம் குறிப்பு: 1822 செப்டம்பர் 5, நண்பகல், தென்கிழக்கு நோக்கி, காற்று பலம், மேகம் வேகமாக நகர்கிறது. வானிலை நிலையக் குறிப்பேடு மாதிரி. லூக் ஹோவர்ட் என்ற ஆங்கிலேயர் மேகங்களுக்குப் பேர் வைத்து வகை பிரித்து இருபது வருடம்கூட ஆகியிருக்கவில்லை. மேகத்துக்குக் கீழே மரநுனிகூட இல்லாத தாள்கள் பல. ஆக, இவர் ஆலையை ஞாபகத்திலிருந்து வரைந்தாலும் வானத்தை அண்ணாந்து பார்த்துத்தான் வரைந்திருக்கிறார். நேற்றைய உறுத்தல் பாதி போயிற்று.

நான்காம் நாள், செவ்வாய், பாரிஸ்

கடலடி ரயிலில் இரண்டேகால் மணி நேரம் சொச்சம். வந்து இறங்கினால், செவ்வாய்க்கிழமை லூவ்ர் மியூசியம் மூடல். அண்ணன் மகன் பார்த்துவிட்டுத்தான் டிக்கெட் போட்டிருக்க வேண்டும். நானும் கேட்டிருக்க வேண்டும். சரி, ஓர்சே மியூசியம் திறந்திருக்கிறது.

லண்டனில் விலைபோகாத 'வைக்கோல் வண்டி'யை பாரிஸிலிருந்து வந்த ஒரு வியாபாரி வேறு இரண்டு படங்களோடு சேர்த்து 250 பவுண்டுக்கு வாங்கி, 1824இல் இந்த ஊர் சலோன் கண்காட்சியில் வைத்தார். ராஜா தங்கப் பதக்கம் கொடுத்தார். பிரெஞ்சு ஓவியர் தெலக்ருவா அதைப் பார்த்துவிட்டுப் போய்த் தன் பெரிய படத்தைத் திருத்தித் தீட்டினார் என்பார்கள். கான்ஸ்டபிள் பதக்கத்தை வாங்கக்கூட வரவில்லை. வாழ்நாளில் அவர் கடல் தாண்டியதே இல்லை.

ஓர்சேயில் பிரெஞ்சு ஓவியர் மோனேயின் படங்கள் முன்னால் இருந்த கூட்டத்தில் நுழைய முடியாமல், அவருடைய நண்பர் பஸீல் வரைந்த ஒரு படத்தின் முன் நின்றேன். கட்டிலில் ஒரு இளைஞன், கால் முட்டுக்கொடுத்துக் கிடக்கிறது, மேலே தொங்கும் வாளியிலிருந்து காயத்தில் தண்ணீர் சொட்டுகிறது. படுத்திருப்பது மோனே. 1865இல் ஃபோன்தென்ப்ளோ காட்டோரம் ஷாயி கிராமத்துக்கு ஒரு ராட்சதப் படம் தீட்டப் போன இடத்தில் காலில் அடி. பஸீல் மருத்துவம் படித்தவர், அதனால் வாளி வைத்தியம். அந்த ராட்சதப் படம் முடியவே இல்லை. வாடகைக்கு ஈடாக வீட்டுக்காரரிடம் விட்டு, அது ஈரத்தில் பூசணம் பிடித்து, கடைசியில் மோனேவே வெட்டித் துண்டாக்கினார். மிஞ்சிய துண்டுகள் இங்கே தொங்குகின்றன.

வெளியே போய்ச் சாயம் தீட்ட முடிந்ததற்குப் பின்னால் ஒரு தகர டியூப் இருக்கிறது. அதுவரை சாயத்தைப் பன்றியின் சிறுநீர்ப்பையில் கட்டி வைப்பார்கள். ஊசியால் குத்திப் பிதுக்க வேண்டும், குத்திய ஓட்டையை மூட வேண்டும், வெடித்தால் சட்டை போச்சு. லண்டனில் இருந்த ஜான் ராண்ட் என்ற அமெரிக்க ஓவியர் 1841இல் மடக்கக்கூடிய டியூபுக்குக் காப்புரிமை வாங்கினார்.

ஐந்தாம் நாள், புதன், பாரிஸ்

லூவ்ர். மோனாலிசாவுக்குப் போகிற வெள்ளத்திலிருந்து விலகி, வலென்சியென் என்ற பிரெஞ்சு ஓவியர் தீட்டிய சின்னச் சின்னத் தாள்களைத் தேடினோம். 1780களில் ரோமில் கூரை, மேகம், இரண்டு மரம் என்று கண்ணில் பட்டதைத் தீட்டியிருக்கிறார். ஒரு தாளுக்கு இரண்டு மணி நேரத்துக்கு மேல் கூடாது, விடியலும் அந்தியும் என்றால் அரை மணிதான், அதற்குள் வெளிச்சம் மாறிவிடும் என்று மாணவர்களுக்குச் சொன்னவர். ஆனால் இதையெல்லாம் அவர் படம் என்றே கருதவில்லை. பயிற்சி. காட்சிக்கு வைத்ததெல்லாம் புராண ஆட்கள் உலாவும் பெரிய படங்கள். இன்று அந்தப் பெரிய படங்கள் முன்னால் ஒருவரும் நிற்பதில்லை, இந்தக் கூரைத் துண்டு முன்னால் நாங்கள் நிற்கிறோம்.

கால் வலி. சாயந்திரம் அறையில் ரசப்பொடியைக் கரைத்து ரசம் வைத்தோம்.

ஆறாம் நாள், வியாழன், பார்பிசோன்

பாரிஸிலிருந்து தென்கிழக்கே அறுபது கிலோமீட்டர். ஊருக்கு ரயில் கிடையாது. ஃபோன்தென்ப்ளோவில் இறங்கி டாக்சி பிடித்தோம். அந்தக் கட்டணத்தை ரூபாயில் பெருக்கிப் பார்க்க வேண்டாம் என்று அண்ணன் மகன் தடுத்தான்.

ஒரே தெரு. அதில் கான் தம்பதி நடத்திய பழைய சத்திரம் இப்போது மியூசியம். 1830களிலிருந்து பாரிஸ் ஓவியர்கள் இங்கே தங்கி, விடிந்ததும் சாயப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு காட்டுக்குள் போவார்கள். மழை நாளில் சும்மா இருக்க முடியாமல் சத்திரத்து அலமாரி, கதவு, சுவர் எல்லாவற்றிலும் தீட்டித் தள்ளியிருக்கிறார்கள். பெஞ்சில் கிறுக்கியதற்கு எத்தனை பேரை நான் வெளியே நிறுத்தியிருப்பேன்!

இந்தக் கூட்டத்துக்குத் தலைவர் மாதிரி இருந்தவர் தியோடர் ரூசோ. தத்துவவாதி ரூசோ வேறு. சலோன் நடுவர்கள் இவர் படங்களை வருடா வருடம் திருப்பி அனுப்பியதால் 'மகா நிராகரிக்கப்பட்டவர்' என்றே பட்டப்பேர். இவர் ஒரு ஓக் மரத்தை வரைந்தால் அது ஒரு ஆளின் உருவப்படம் மாதிரி இருக்கும். அந்த நேரத்தில் வனத்துறை பழைய ஓக் மரங்களை வெட்டி, சீக்கிரம் காசாகும் பைன் மரங்களை நட்டுக்கொண்டிருந்தது. ஓவியர்கள் சிலர் ராத்திரியோடு போய்ப் பைன் கன்றுகளைப் பிடுங்கிப் போட்டதாக ஊரில் கதை. ரூசோ முறையாக மனுவே கொடுத்தார். 1853இல் 624 ஹெக்டேர் காட்டை வெட்டாமல் ஒதுக்கினார்கள். 1861இல் சட்டபூர்வமாகவே 1,097 ஹெக்டேர். அமெரிக்காவில் யெல்லோஸ்டோன் பூங்கா வந்தது 1872இல்தான். காரணம் மூலிகையோ மழையோ வேட்டையோ அல்ல. வரைவதற்கு நன்றாக இருக்கிறது, அதனால் வெட்டாதே.

காட்டுக்குள் ஒரு மணி நேரம் நடந்தோம். யானை படுத்த மாதிரிப் பாறைகள். காட்டு முகப்பில் ஒரு பாறையில் ரூசோவையும் இன்னொரு ஓவியரான மில்லேயையும் வெண்கலத்தில் பதித்திருக்கிறார்கள். ஃப்ளாட்ஃபோர்ட் குளத்தடியும் இப்படித்தான் படத்தால் பிழைத்த இடம் என்று எனக்குத் தோன்றியது. அந்த ஓட்டு வீட்டை யாரும் இடித்து மாடி கட்ட முடியாது. ஓவியத்தில் இருக்கிறபடியே இருந்தாக வேண்டும். எங்கள் பக்கத்துக் குளங்களை யாராவது ஆறடிக்குத் தீட்டி வைத்திருக்கலாம்.

பிற்பகல் ஷாயி பக்கம் வயல்வெளியில் நடந்தோம். மில்லேயின் 'ஏஞ்சலஸ்' படத்தில் அடிவானத்தில் தெரிகிற கோபுரம் இந்த ஷாயி தேவாலயத்துடையது. ரூசோவும் மில்லேயும் அடக்கமாகியிருப்பதும் இதே ஊர்க் கல்லறையில்தான். வெளியில் ஒன்றும் இல்லை. தட்டையாகக் கிடக்கும் பூமி, பாதி விளைந்த கோதுமை, தூரத்தில் ஒரு டிராக்டர்.

வரப்போரம் உட்கார்ந்து நோட்டை எடுத்தேன். ஒரு தாளைக் கிழித்து அண்ணன் மகனிடமும் கொடுத்தேன். "எனக்கு வரையத் தெரியாது சித்தப்பா." "தெரியறத வரையாதடா, பாக்குறத வரை."

அரை மணி நேரம் இரண்டு பேரும் பேசவில்லை. என்னுடையது சரியாக வரவில்லை. மேகம் மேகமாக இல்லாமல் காலிஃபிளவராக இருந்தது. அவன் தாளை வாங்கிப் பார்த்தேன். நடுவில் மட்டமாக ஒரே கோடு. கோட்டின் மேல் பொட்டு மாதிரி டிராக்டர். இடது ஓரத்தில் கோபுரம், அளவும் ஏறக்குறைய சரி. மலை இல்லை, சூரியன் இல்லை. நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

"இரு சித்தப்பா, ஒண்ணு விட்டுப்போச்சு" என்று தாளைப் பிடுங்கினான். மேலே, அந்த வெறும் வானத்தில், வரிசையாக நாலு பறவை போட்டுத் திருப்பிக் கொடுத்தான்.